நான்காம் எண் கிணறு

தண்ணீரை வாயில் வைத்துக்கொண்டு யோசிக்கிற ஆள் என்று இங்கே எனக்கு ஒரு பெயர் உண்டு. எந்தத் தம்ளரில் எந்தத் தண்ணீர் கொடுத்தாலும் முதல் வாயை உடனே விழுங்கமாட்டேன். நாக்கில் ஒரு கணம் நிறுத்தி, உப்பு உண்டா என்று பார்த்த பிறகுதான் தொண்டைக்குள் விடுவேன். ராட்டர்டாமுக்குப் பக்கத்தில் இருக்கிற இந்த நீர் ஆய்வகத்தில் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள், சாப்பாட்டு மேசையில் எதிரே உட்கார்ந்திருந்த பேராசிரியர் மரைக்கே இதைக் கவனித்துவிட்டார். "தண்ணீரில் ஏதாவது கோளாறா?" என்று கேட்டார். "ஒன்றுமில்லை, பழக்கம்" என்றேன். மறுநாள் காலை என் மேசையில் அந்தக் குழாய்த் தண்ணீரின் சோதனை அறிக்கை கிடந்தது. எல்லாம் அளவுக்குள்தான் இருக்கிறது என்று பச்சை மையில் அடிக்கோடு வேறு. பாவம், நான் குறை சொல்கிறேன் என்று நினைத்துவிட்டார். பதினாறு வருஷம் ஆயிற்று, இன்றுவரை அந்தப் பழக்கத்தை அவருக்கு என்னால் விளக்க முடியவில்லை.

ஊரில் இதற்கு விளக்கமே வேண்டாம். திருப்புறத்தில் எங்கள் வீட்டிலிருந்து சைக்கிளை மிதித்தால் பூவார் பொழி, நெய்யாறு கடலில் போய்ச் சேருகிற இடம். கோடையில் ஆறு மெலிந்தால் கடல் உள்ளே ஏறும், கிணறுகளில் ஓரு வரும். தண்ணீரை நாங்கள் வெள்ளம் என்போம், அதில் ஏறுகிற உப்பை ஓரு என்போம். சாயாவுக்கு அடுப்பில் வைக்கும் முன் ஒரு வாய் குடித்துப் பார்ப்பது எல்லார் வீட்டிலும் உண்டு. எங்கள் கிணறு மட்டும் சற்று மேட்டில், செம்பாறையில் வெட்டியது. பங்குனி வெயில் கொளுத்துகிற மீனமாசத்துக் காய்ச்சலிலும் அதில் ஓரு ஏறியதில்லை. இறக்கத்தில் இருக்கிற ஷீலாவின் வீட்டிலிருந்தும் அதற்கு அப்பால் இருந்தும் குடங்கள் வரும். வாளி இறங்குகிற சத்தத்தைக் கேட்டே யார் இறைக்கிறார்கள் என்று சொல்லிவிடுவேன். எங்களிடம் பெரிதாகச் சொத்து ஒன்றுமில்லை, ஆனால் அந்தக் கிணற்றை வைத்து நான் பட்ட கர்வம் கொஞ்சநஞ்சமல்ல.

பல நாடுகளின் கழிமுக ஊர்களில், கிணறுகளுக்குள் கடல் எப்படி ஏறுகிறது என்று ஆராயும் வேலையை மரைக்கே தொடங்கியபோது, எங்கள் ஊரைச் சேர்க்கச் சொன்னவன் நான்தான். வாரம் இரண்டு முறை கையடக்க மீட்டரைக் கொண்டுபோய்ப் பன்னிரண்டு கிணறுகளில் அளந்து அனுப்ப ஆள் வேண்டும். ரோஸ்லெட் அக்காவைச் சொன்னேன். அக்கா கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அங்கன்வாடி டீச்சராக இருந்து ஓய்வுபெற்று, அப்பா அம்மா போன பிறகு அந்த வீட்டில் தனியாக இருக்கிறாள். எங்கள் கிணறு நான்காம் எண், ஷீலாவுடையது ஐந்தாம் எண். அளந்ததை ஊருக்கும் சொல்லவேண்டும் என்பது மரைக்கேயின் பிடிவாதம். அதனால் ஊர் நூலகமான கிரந்தசாலையின் சுவரில் ஒரு போர்டு மாட்டி, ஒவ்வொரு கிணற்றுக்கும் ஒரு வட்டம் ஒட்டினார்கள். நல்ல தண்ணீருக்குப் பச்சை, சுமாருக்கு மஞ்சள், உப்புக்குச் சிவப்பு. எங்களுடையது பச்சை, ஷீலாவுடையது சிவப்பு.

இரண்டாம் வருஷம் ஒரு திங்கட்கிழமை கணினியைத் திறந்தால், நான்காம் எண் சிவந்து கிடக்கிறது! ஒரே வாரத்தில் கோடு செங்குத்தாக ஏறியிருந்தது. ஐந்தாம் எண்ணின் கோடு அதே வேகத்தில் இறங்கியிருந்தது. மரைக்கே துள்ளிக் குதித்தார். பொழியை அடைத்த மணல்திட்டை வெட்டித் திறந்ததும் நிலத்தடியில் நீரோட்டம் திசை மாறியிருக்கவேண்டும் என்று கட்டுரையில் ஒரு முழுப் பத்தி எழுதினார். குறுக்கும் நெடுக்குமாகப் போன அந்த இரண்டு கோடுகள்தான் பிறகு எல்லாக் கூட்டங்களிலும் திரையில் வந்தன. அக்காவிடம் கேட்கலாமென்று எத்தனை தடவை போனை எடுத்தேன்! அந்தத் தண்ணீரைக் குடித்துக்கொண்டு அங்கே தனியாக இருப்பவள் அவள். நான் கேட்டு அவளை அழவைக்க வேண்டுமா என்று வைத்துவிட்டேன். அவளும் அதைப்பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

என்னைப்போல வெளியே வந்து கிடக்கிறவர்களுக்கு ஒன்று தெரிந்திருக்கும். திரும்பிப் போவேன் என்று சொல்வதற்கு ஒவ்வொருவரும் ஒரு பொருளைப் பிடித்துவைத்திருப்போம். சிலருக்கு அது பாதி கட்டிய வீடு, சிலருக்கு நாலு தென்னை. எனக்குக் கிணறு. இந்த நாட்டுக் குடியுரிமைக்கு மனுப் போடு என்று சொல்லாத ஆளில்லை, வருஷக்கணக்கில் தள்ளிப்போட்டேன். நான்காம் எண் சிவந்து ஆறு மாதம் பொறுத்தும் இறங்கவில்லை. பிடித்துவைத்திருந்தது போயிற்று என்று நினைத்துக்கொண்டு விண்ணப்பத்தை நிரப்பினேன். நகரசபை மண்டபத்தில் வலது கையைத் தூக்கி இரண்டு வரி சொன்னேன், ஒரு பூங்கொத்து கொடுத்தார்கள். ரெண்டு நாட்டுக் குடியுரிமையை நம் நாடு ஒத்துக்கொள்வதில்லை. நீலப் பாஸ்போர்ட்டைத் தூதரகத்தில் கொடுத்துவிட்டு ரயிலில் வந்த அன்று, ஜன்னலைப் பார்த்தபடி அழுதேன், சும்மா சொல்லவில்லை.

சில மாதங்களுக்கு முன் செய்தி வந்தது. சுற்றுச்சூழலுக்கும் நிலைத்த வாழ்வுக்குமான அறிவியலுக்கு ஒரு பெரிய சர்வதேச விருது, மரைக்கேயின் குழுவுக்கு. இங்கே பிறந்தநாள் கொண்டாடுகிறவருக்கு மட்டுமில்லை, அவருடைய அண்ணன் தங்கைக்கும் சேர்த்துக் கைகொடுத்து 'ஹெஃபெலிசிட்டேர்ட்' என்பார்கள், வாழ்த்துகள் என்று அர்த்தம். மரைக்கே கேக் துண்டோடு நேரே என்னிடம் வந்து, "ஹெஃபெலிசிட்டேர்ட், உன் அக்காவுக்காக!" என்றார். விருதுக்குழு ஒரு படம் எடுக்கிறதாம். ஒரே வாரத்தில் உப்பாகிப்போன அந்த நான்காம் எண் கிணற்றங்கரையில் அக்கா நிற்கவேண்டும், ஒரு வாய் குடித்துக் காட்டவேண்டும் என்று சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை சபை ஆராதனை முடிந்து அக்கா வீட்டுக்கு வரும் நேரம் பார்த்துக் கூப்பிட்டேன். படம் பிடிக்க ஆள் வருகிறார்கள் என்று சொன்னேன்.

"எலே, அவியள வரண்டாம்னு சொல்லு."

"ஏங்க்கா?"

"நம்ம கிணத்துல ஓரு கிடையாது மக்கா. எப்பவும் கிடையாது. நான் எடம் மாத்தி எழுதினதாக்கும்."

அக்கா மூச்சு விடாமல் கொட்டினாள். ஷீலாவின் மகள் அஞ்சுவுக்கு அந்த வருஷம் ஒரு சம்பந்தம் வந்திருக்கிறது. வீடும் அதைச் சுற்றின நிலமும் அஞ்சுவுக்கு என்றுதான் பேச்சு. மாப்பிள்ளை வீட்டார் கிரந்தசாலைப் பக்கம் வண்டியை நிறுத்தியிருக்கிறார்கள், போர்டில் சிவப்பைப் பார்த்திருக்கிறார்கள், அப்படியே திரும்பிப் போய்விட்டார்கள். "எனக்க மீட்டராக்கும் அந்தப் பிள்ளைக்க கல்யாணத்தக் கெடுத்தது. எனக்கு ஒறக்கம் வருமா? நான் கையப் பிடிச்சு அ எழுதவச்ச பிள்ளயல்லா அது?" அடுத்து பெருங்கடவிளையிலிருந்து ஒரு சம்பந்தம் வருகிறது என்று தெரிந்ததும், நான்கில் அளந்ததை ஐந்திலும், ஐந்தில் அளந்ததை நான்கிலும் எழுதி அனுப்பிவிட்டாள்.

"எழுதாம விட்டிருக்கலாமே அக்கா" என்றேன்.

"கட்டத்த வெறுதே விடுகதா? என்னத்த பேசுகா? முப்பது வருசம் ரிஜிஸ்டர் எழுதினவளாக்கும் நான். வெறுதே விட்டா மெமோ உண்டு. கள்ள நம்பரும் எழுதமாட்டேன். நம்பர் எல்லாம் சத்தியமாக்கும், எடந்தான் மாறிச்சு."

"அதுக்கு நம்ம கிணத்தையா சிவப்பாக்கணும்?"

"என்னப் பெண்ணு கேட்டு இனி ஆரு வரப்போறா? சபைக்குப் போற வேதக்காரிக்குப் பொட்டு கிடையாது, போர்டுலயாவது ஒரு செவப்புப் பொட்டு இருக்கட்டுமேன்னு நெனச்சேன்."

அடக்கமாட்டாமல் சிரித்துவிட்டேன், அவளும் சிரித்தாள். பிறகு கேட்டேன், கல்யாணம் அதனால்தான் நடந்ததா என்று. அங்கேதான் கதை. பெருங்கடவிளையிலிருந்து மாப்பிள்ளையின் அம்மா வந்து உட்கார்ந்ததும் சாயா வேண்டாம் என்றாராம், கிணற்றிலிருந்து கொஞ்சம் பச்சைவெள்ளம் கேட்டாராம். ஷீலா வேறு வழியில்லாமல் இறைத்துக் கொடுத்திருக்கிறாள். அந்த அம்மா ஒரு வாய் குடித்து, நாக்கில் நிறுத்தி, விழுங்கிவிட்டு, "ஓராக்கும். சாரமில்ல, இருக்கட்டும். எங்க கிணத்துல மீனமாசம் வெள்ளமே கிடையாது, இஞ்ச ஓருன்னாலும் உண்டே" என்று சொல்லிப் பெண்ணைப் பார்க்கக் கூப்பிட்டாராம்.

"அப்போ நீ மாத்தி எழுதினது சும்மாவா?"

"சும்மாதான். நம்ம கிணத்துல இப்பவும் எல்லாரும் வந்து எடுக்காவ. போர்டு தப்புன்னு ஊருக்கு மொத்தம் தெரியும். ஒருக்க மாத்திட்டு பின்னயும் மாத்தினா உனக்க டீச்சரம்மா கண்டுபிடிச்சிரும்னு அப்படியே கொண்டுபோனேன். நீ அங்க லேப்புல பாட்டில் கழுவுகா, அந்தக் கோட்ட எல்லாம் பாக்கமாட்டன்னு நெனச்சேன் மக்கா."

பாஸ்போர்ட்டைப்பற்றி அவளிடம் அப்போது நான் சொல்லவில்லை. போனை வைத்துவிட்டு அப்படியே உட்கார்ந்திருந்தேன். அந்தத் தெருவில் குடமெடுக்கிற ஒவ்வொருவருக்கும் தெரியும். பெருங்கடவிளையிலிருந்து முதன்முதலாக வந்த ஒரு அம்மாவுக்கு ஒரு வாயில் தெரிந்தது. ஏமாந்தது ரெண்டே பேர், மரைக்கேயும் நானும்.

மறுநாள் மரைக்கேயின் கதவைத் தட்டினேன். சொல்லாமல் விட்டிருக்கலாம், அக்காவே "ஏதாவது பறஞ்சு ஒதுக்கு" என்று, எதையாவது சொல்லிச் சமாளிக்கத்தான் சொன்னாள். ஆனால் அந்தப் படத்தில் அவளைக் கிணற்றங்கரையில் நிறுத்திப் பொய் சொல்லவைக்க எனக்கு மனம் வரவில்லை. விருது போனாலும் சரி, என் வேலை போனாலும் சரி என்று எல்லாவற்றையும் சொன்னேன். மரைக்கேயின் முகம் சிவந்தது. "இரண்டு எண்களும் அளந்தவைதானா?" என்று மட்டும் கேட்டார். "ஆமாம்." "அப்படியானால் லேபிள் மாறிய சாம்பிள். திருத்தம் எழுதவேண்டும்" என்றவர், தன் ஒரு பத்தி நிலத்தடி நீரோட்டத்தை நினைத்தோ என்னவோ தலையைப் பிடித்துக்கொண்டார். கல்யாணத்துக்கும் கிணற்றுக்கும் என்ன சம்பந்தம் என்பதை அரைமணி நேரம் விளக்கியும் அவருக்குப் பிடிபடவில்லை. கல்யாணப் பெண்ணுக்குத்தான் கிணறு அளக்கும் வேலை என்று புரிந்துகொண்டு எங்கோ வழி தவறிப் போய்விட்டார். எழுந்து வரும்போது ஒன்று கேட்டார், கோபத்தில் இல்லை, உண்மையாகவே தெரிந்துகொள்ள. "நீ அந்தத் தண்ணீரைக் குடித்து வளர்ந்தவன். கோடு ஏறியபோது உனக்குச் சந்தேகமே வரவில்லையா?"

வரவில்லை. அதுதான் என்னைக் கொன்றது. செம்பாறை எனக்குத் தெரியும், மேடு தெரியும், எத்தனையோ மீனமாசம் தெரியும். இருந்தும் ஒரு கோட்டை நம்பினேன். அக்காவை ஒரு வார்த்தை கேட்டிருந்தால் போதுமே!

விருதுக்குழுவுக்கு மரைக்கே எழுதினார். ஒரு வாரம் பதில் இல்லை, ஆய்வகத்தில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை. திருத்தத்தைப் பதிப்பியுங்கள், மற்ற ஊர்களின் அளவுகளை வைத்து விருது நிற்கும் என்று பதில் வந்தது. விழாவில் அந்த இரண்டு கோடுகள் இல்லை. அதற்குப் பதிலாகத் திரையில் எங்கள் முற்றம் வந்தது. கஞ்சிபோட்ட சபைச்சேலையில் அக்கா நான்காம் எண் கிணற்றில் வாளியை இறக்கினாள், கையில் ஏந்தி ஒரு வாய் குடித்தாள், காமிராவைப் பார்த்து "ஓரு இல்ல" என்றாள். கீழே ஆங்கிலத்தில் 'உப்பு இல்லை' என்று ஓடியது. கோட்டுப் போட்டவர்கள் எல்லாரும் கைதட்டினார்கள். நான் கைதட்டவில்லை, என் கையில் தண்ணீர்த் தம்ளர் இருந்தது.

நேற்று ஊருக்குப் போக விசாவுக்கு விண்ணப்பித்தேன். அந்த முற்றத்துக்கு நான் போக இனி விசா வேண்டும். என்ன வகை என்று கேட்டது. சொந்தக்காரர்களைப் பார்க்கப் போவதும் சுற்றுலாவில்தான் வருமாம். கட்டத்தை வெறுமனே விட்டுப் பார்த்தேன், அடுத்த பக்கம் போகமாட்டேன் என்று நின்றது. சுற்றுலா என்று குறித்தேன். அக்காவைக் கூப்பிட்டு, பாஸ்போர்ட் கதையையும் சேர்த்துச் சொல்லிவிட்டேன். போனுக்கு அந்தப் பக்கம் கிணற்றில் யாரோ வாளி இறக்குகிற சத்தம் மட்டும் கேட்டது, யாரென்று எனக்குத் தெரியவில்லை.

"டூரிஸ்டா?" என்றாள் கடைசியில். "பூவார்ல போட்டுக்காரன்மாரு பிடிச்சுப் படகுல ஏத்திருவானுவ, பாத்து வா." சிரிக்கத்தான் பார்த்தாள். "வந்து நீயே குடிச்சுப் பாரு மக்கா. எனக்க எழுத்த இனி நம்பண்டாம்."

விண்ணப்பத்தை அனுப்பிவிட்டு எழுந்துபோய்க் குழாயைத் திறந்தேன். முதல் வாயை நாக்கில் நிறுத்தினேன். பதினாறு வருஷமாக இல்லாத உப்பு நேற்றும் இல்லை. இருந்தாலும் பார்த்துவிட்டுத்தான் விழுங்கினேன்.