டிரே இல்லாத கை

ஹோட்டலில் பரிமாறுகிற அவரை ‘டிரேக்காரர்’ என்றால்தான் தெருவுக்கே தெரியும். டிரே தூக்கித் தூக்கிப் பழகிய இடது கை, லீவு நாளிலும் தோளுக்கு நேராக விரிந்தே நிற்கும். மகள் கல்யாணத்தில் குடும்பப் படம் எடுக்கும்போதும் அதே கதைதான்.

“கைய இறக்குங்களேன், மானம் போகுது!” என்று பல்லைக் கடித்தாள் மனைவி. இறக்கிய கை, தானே ஏறிக்கொண்டது.

“பேசாம ஒரு டிரேயக் குடுத்துடுங்கம்மா, பார்க்க இயல்பா இருக்கும்” என்றார் அலுத்துப்போன போட்டோக்காரர்.

கொடுத்தார்கள். மனுஷனுக்கு முகமெல்லாம் சிரிப்பு. டிரேயைப் பார்த்த சொந்தக்காரர்கள் சும்மா இருப்பார்களா? ஆளாளுக்குக் காலி டம்ளரைக் கொண்டுவந்து அதில் வைத்தார்கள்.

படம் அருமையாக வந்திருக்கிறது. பெண்ணைப் பெற்றவரைத்தான் அதில் காணோம். டம்ளர்களைக் கழுவப் போட உள்ளே போயிருந்தார்.