பெரியம்மாவுக்கு வெங்காயச் சலாது

அந்தச் சலாதை நான் தேர்ந்தெடுத்ததற்கு ருசி காரணமில்லை. என் கணவரின் ஆட்கள் யாழ்ப்பாணத்தார். நான் கலஹாவுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தில் பிறந்தவள். நான் எதைச் சமைத்தாலும் அவர்களிடம் அதற்கு ஒரு சொல் இருக்கும். மீன்குழம்பு வைத்தால் தங்கள் பக்கம் இப்படி வைப்பதில்லை என்பார்கள். சம்பல் அரைத்தால் தோட்டத்துச் சம்பல் போல இருக்கிறது என்பார்கள். வெங்காயத்தை வினாகிரியில் ஊறவைத்து மயோனீஸில் புரட்டுகிற சலாது அவர்கள் பக்கமும் கிடையாது, எங்கள் பக்கமும் கிடையாது. கைபேசியில் பார்த்துக் கற்றுக்கொண்டது. அதிலாவது யாரும் எனக்குப் பாடம் எடுக்க முடியாது என்று நினைத்தேன்.

கனடாவிலிருந்து அவருடைய பெரியம்மா வருவதாக இருந்தது. தாயை இழந்த அவரை வளர்த்துப் படிப்பித்தவர் அந்தப் பெரியம்மாதான். எங்கள் திருமணத்துக்கு அவர் வரவில்லை. பதிவுத் திருமணம், பத்துப் பேர், அரை மணி நேரத்தில் முடிந்த காரியம். மூன்று வருடம் கழித்து இப்போதுதான், கட்டுகஸ்தோட்டையில் நாங்கள் வாடகைக்கு இருக்கும் வீட்டுக்கு, ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானச் சாப்பாட்டுக்கு வருகிறார். எனக்கு ஒரே ஓர் ஆசை இருந்தது. என் அம்மாவும் அந்த மேசையில் உட்கார்ந்து அவரோடு சாப்பிட வேண்டும். அவ்வளவுதான்.

மூன்று வருடமாக இரண்டு பக்கமும் அப்படி ஒன்றாக உட்கார்ந்ததில்லை. என் கணவரின் சொந்தக்காரர்கள் வரும் நாளெல்லாம் அம்மாவுக்குக் கொழுந்து எடுக்கும் நாளாக இருந்தது. அம்மாவுக்கு லீவு கிடைத்த நாளெல்லாம் அவர்களுக்கு வேறு வேலை இருந்தது. என் கணவர் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தார், நானும் நம்பிக்கொண்டிருந்தேன். நான் ஒரு பள்ளிக்கூட ஆசிரியை. பிள்ளைகள் பொய் சொன்னால் கண்ணைப் பார்த்தே பிடித்துவிடுவேன் என்று பெருமை வேறு.

இந்த முறை நான் விட்டுக்கொடுக்கவில்லை. அம்மா வராவிட்டால் அன்று அடுப்பே மூட்டமாட்டேன் என்றேன். அவர் இரண்டு நாள் யோசித்துவிட்டு, சரி, காலையில் தானே கண்டி பஸ் ஸ்டாண்டுக்குப் போய் மாமியைக் கூட்டிவருவதாகச் சொன்னார். எனக்குத் தலைகால் புரியவில்லை. இப்படி ஒரு மனிதரைச் சந்தேகப்பட்டோமே என்று என்னையே திட்டிக்கொண்டேன். இப்போது நினைத்தால் அந்தச் சந்தோசத்தின் மேல்தான் எனக்கு அதிகம் ஆத்திரம் வருகிறது.

சனிக்கிழமை ஒரு தடவை செய்து பார்த்தேன். பெரிய வெங்காயத்தை மெல்லிய வளையங்களாக வெட்டி, வினாகிரியும் தண்ணீரும் சீனியும் உப்பும் கலந்ததில் நாலைந்து மணி நேரம் ஊறவைத்தேன். வடிகட்டி மயோனீஸ் போட்டுப் புரட்டினேன். பார்க்க அழகாகத்தான் இருந்தது. அரை மணி நேரத்தில் அடியில் உடுப்பு அலசியதுபோலத் தண்ணீர் விட்டு, வெங்காயம் அதில் மிதந்தது. அப்படியே வாளியில் கொட்டினேன். இரவு படுக்கப்போகும் முன் இன்னொரு சட்டி வெங்காயம் வெட்டி ஊறப்போட்டேன். கண்ணெரிச்சலோடு படுத்தேன்.

ஞாயிறு காலை அம்மா வந்துவிட்டார். கலஹாவிலிருந்து முதல் பஸ்ஸில் பேராதனைக்கு வந்து, அங்கே மாறிக் கண்டிக்கு வந்து, அங்கிருந்து மருமகனோடு முச்சக்கரவண்டியில் வந்திருந்தார். தீபாவளிச் சேலை கட்டியிருந்தார். ஆனால் வந்ததும் வராததுமாகக் குசினிக்குள் போய், என்னுடைய பழைய வீட்டுச் சட்டை ஒன்றைக் கேட்டு வாங்கி மாற்றிக்கொண்டார். சேலை அழுக்காகிவிடுமாம். சாப்பிடும்போது உடுத்துக்கொள்ளலாம் என்றேன். அவர் சேலையை மடித்துப் பைக்குள் வைத்தார். பயணக் களைப்பு என்று நினைத்துக்கொண்டேன்.

ஊறிய வெங்காயத்தை நான் வடிகட்டுவதைப் பார்த்துவிட்டுத்தான் வாயைத் திறந்தார். பிழியவில்லையா என்று கேட்டார். வடித்தால் போதும், அதில் அப்படித்தான் காட்டினார்கள் என்றேன்.

"வடிச்சா மேல இருக்க தண்ணி தான் போகும். உள்ள இருக்கிறது உள்ளயே தான் இருக்கும். மலைக்கு ரொட்டி கட்டிட்டுப் போறப்ப நாங்க வெங்காயத்தப் பிழியாமயா வச்சிக்கிட்டுப் போறோம்?"

உண்மைதான். மலையில் பத்து மணிக்கு ரொட்டியோடு தின்கிற பச்சை வெங்காயத்தை லயத்தில் உப்புப் போட்டுப் பிசைந்து பிழிந்துதான் கட்டுவார்கள். பிழியாவிட்டால் பத்து மணிக்குள் ரொட்டி நனைந்து கூழாகிவிடும். நான் அந்த ரொட்டியைத் தின்று வளர்ந்தவள். கைபேசியில் யாரோ சொன்னதை நம்பினேன், இதை மறந்துவிட்டேன்.

அம்மா ஒவ்வொரு பிடியாக எடுத்துப் பிழிந்தார். கொழுந்துக் கறை ஏறிய விரல்களில் வெடிப்பு நிறைய உண்டு. வினாகிரி அதில் பட்டு எரிந்திருக்கும், கேட்டதற்கு இல்லை என்றார். பிழிந்து போட்ட வெங்காயம் துவண்டு, கண்ணாடிபோல் ஆகியிருந்தது. மயோனீஸில் இரண்டு கரண்டி கெட்டித் தயிரும் மிளகுத்தூளும் பொடியாக நறுக்கிய செலரி இலையும் சேர்த்துப் புரட்டினேன். ஒரு மணி நேரம் கழித்துப் பார்த்தேன். ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை. ஆடை கட்டிய பால்போலத் திரண்டு நின்றது. அன்று நான் கடைசியாகச் சிரித்தது அதைப் பார்த்துத்தான்.

பெரியம்மா கெட்ட மனுசி என்று நான் சொல்லமாட்டேன். வந்ததும் என்னைக் கட்டிப்பிடித்தார். எனக்கு ஒரு சேலை கொண்டுவந்திருந்தார். வாசனை பிடித்துக்கொண்டு நேரே குசினிக்குள் வந்துவிட்டார். தண்ணீர்க்குழாயடியில் நின்ற அம்மா கையைத் துடைத்துக்கொண்டு, "வாங்கம்மா" என்றார். அந்த ஒரு சொல் போதுமாக இருந்தது. கண்டியில் வசதியான வீடுகளில் குசினியில் நிற்கிற பெண் தோட்டத்துப் பெண்ணாகத்தான் இருப்பாள், அவள் இப்படித்தான் பேசுவாள். பெரியம்மா அம்மாவை மேலிருந்து கீழ்வரை பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"நல்ல ஆளாக் கிடக்கு. எங்க பிடிச்சனி, பிள்ளை?"

அப்போதே சொல்லியிருக்க வேண்டும். கையில் கரண்டி இருந்தது, வாயில் என்ன கொழுக்கட்டையா இருந்தது? நான் வாசலில் நின்ற என் கணவரைப் பார்த்தேன். அவர் சொல்வார் என்று காத்திருந்தேன். அவர் குளிர்சாதனப் பெட்டியைத் திறந்து உள்ளே எதையோ தேடினார். ஒரு வெங்காயத்தை உரிக்கிற நேரம் இருக்கும், அவ்வளவு நேரம் நான் பேசாமல் நின்றேன். அதற்குள் அம்மாவே சொல்லிவிட்டார், இன்றைக்கு ஒரு நாள் உதவிக்கு வந்ததாக. பெரியம்மா கைப்பையைத் திறந்து ஒரு சொக்லேட்டை எடுத்து, வீட்டில் பிள்ளைகள் இருந்தால் கொடு என்று அம்மாவிடம் நீட்டினார். அம்மா இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

மேசையில் நான் நாலு சாப்பாட்டுக் கோப்பை வைத்திருந்தேன். சோறு கொண்டுபோனபோது மூன்றுதான் இருந்தது. நாலாவதை என் கணவர் எடுத்து அலுமாரிக்குள் வைத்திருந்தார். ஆனாலும் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்தேன், பரிமாறினேன், கனடாக் குளிரைப் பற்றி விசாரித்தேன். என்னை நானே செருப்பால் அடித்துக்கொள்ள வேண்டிய நேரம் அது.

பெரியம்மா சலாதை மூன்று தரம் போட்டுக்கொண்டார். அங்கேயும் விருந்துகளில் இது வைப்பார்களாம், கொஞ்ச நேரத்தில் தண்ணீர் விட்டுவிடுமாம், நான் எப்படி இப்படி இறுக்கமாக எடுத்தேன் என்று கேட்டார். அம்மா தண்ணீர்ச் செம்போடு குசினி வாசலில் நின்றுகொண்டிருந்தார். பெரியம்மா கேட்டுக்கொண்டே அவர் பக்கம் திரும்பாமல் கையை மட்டும் நீட்டி, "இஞ்ச, தண்ணி கொஞ்சம் ஊத்து" என்றார்.

அதற்குமேல் என்னால் முடியவில்லை. மூன்று வருடமாக அந்த வீட்டில் அவர்களைப் போல ஓம் என்றும் வாறன் என்றும் பேசிப் பழகியவள், என் சொந்தப் பேச்சில் பேசினேன்.

"நான் செய்யலைங்க. அவங்க செஞ்சது. அவங்க எங்க அம்மா. என்னைப் பெத்த அம்மா."

பெரியம்மாவின் கை அப்படியே நின்றது. அவர் என்னைப் பார்க்கவில்லை, என் கணவரைப் பார்த்தார்.

"இவவின்ர தாயும் தகப்பனும் செத்திட்டினம் எண்டெல்லோ தம்பி நீ சொன்னனி?"

அப்பா போய் எட்டு வருடம், அது எல்லாருக்கும் தெரியும். அம்மா எப்போது செத்தார்? என் கணவர் கோப்பையில் சோற்றைப் பிசைந்தார். அம்மாதான் இரண்டடி முன்னால் வந்தார். செம்பு சரியாமல் நிதானமாகப் பிடித்துக்கொண்டு பேசினார்.

"இல்லைங்கம்மா. புள்ளைக்குத் தாய் தகப்பன் இல்ல. நான் தூக்கி வளத்தேன். அந்தப் பாசத்துல அம்மான்னு சொல்லுது."

என் கணவர் தலையாட்டினார். ஓம் பெரியம்மா, இவதான் வளர்த்தவ என்றார். பெரியம்மாவின் முகம் தெளிந்தது. வளர்த்ததும் தாய்தானே என்று நல்ல மனதோடு சொல்லிவிட்டு, தண்ணீரைக் குடித்தார். என் தாய் என் கண் முன்னால் தன்னைத் தானே கொன்றுவிட்டு, காலியான கோப்பைகளை எடுத்துக்கொண்டு போனார். நான் எழுந்து அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினேன். தலையிடி என்று அவர்கள் வெளியே பேசிக்கொண்டது கேட்டது.

பெரியம்மாவின் வான் வண்டி பாலம் தாண்டிப் போன பிறகு எல்லாம் வெளியே வந்தது. திருமணத்துக்கு முன் பெரியம்மா பெண்ணின் குடும்பத்தைப் பற்றிக் கேட்டாராம். லயம் என்று சொல்ல இவருக்கு நா எழவில்லையாம். அப்பா ஏற்கனவே செத்தவர், அவரோடு இன்னொருவரைச் சேர்த்துவிட்டாராம். சொந்தக்காரர்கள் பார்த்தால் கனடாவுக்குச் செய்தி போய்விடும் என்றுதான் நாள் ஒத்துவராமல் பார்த்துக்கொண்டாராம். மூன்று வருடமாக என் அம்மா ஊருக்கு ஓர் ஆளாகவும் கனடாவுக்குப் பிணமாகவும் இருந்திருக்கிறார். அன்று காலை கண்டி பஸ் ஸ்டாண்டில் மாமிக்கு ஒரு பிளேன்டீ வாங்கிக் கொடுத்து, இன்றைக்கு மட்டும் குறை நினைக்க வேண்டாம், வேலைக்கு வந்த ஆளாக இருந்துவிடுங்கள் என்று கேட்டிருக்கிறார். அம்மா உடனே சரி என்றிருக்கிறார். அதனால்தான் தீபாவளிச் சேலையை அவ்வளவு அவசரமாகக் கழற்றியிருக்கிறார்.

நான் கத்தினேன். பக்கத்து வீட்டுக்குக் கேட்கட்டும் என்றே கத்தினேன். அவர் கெஞ்சினார். மாமியே பெரிதாக எடுக்காததை நீர் ஏன் இழுக்கிறீர் என்றார். அம்மா அவர் பக்கம் சேர்ந்துகொண்டு என்னை அடக்கினார். நான் ஒன்றே ஒன்று கேட்டேன். இப்போதே, இந்த இடத்திலேயே பெரியம்மாவை அழைத்து, என் மனைவியின் தாய் உயிரோடு இருக்கிறார், இன்றைக்கு உங்களுக்குத் தண்ணீர் ஊற்றியது அவர்தான் என்று சொல்லுங்கள் என்றேன். அவர் கைபேசியை எடுத்தார். எண்ணைத் தேடினார். பிறகு மேசையில் வைத்துவிட்டார்.

அன்று பின்னேரமே அம்மாவோடு பஸ் ஏறினேன். இரண்டு மாதமாக லயத்திலிருந்துதான் கண்டிக்குப் பள்ளிக்கூடம் போகிறேன். விடிய முன் எழும்ப வேண்டும், பேராதனை வரை நின்றுகொண்டு போக வேண்டும். போகிறேன். நானே பெரியம்மாவிடம் இன்னொரு தரம் சொல்லலாம். சொல்லமாட்டேன். நான் சொன்னபோது யாரும் நம்பவில்லை. கொன்றவர் வாயால்தான் அது வர வேண்டும்.

அம்மாவுக்கு இது ஒன்றும் பிடிக்கவில்லை. லயத்தில் கேட்கிறவர்களுக்குப் பதில் சொல்லி மாளவில்லை என்கிறார். வாழப் போன வீட்டை வெங்காயத்துக்காக விட்டுவந்தவள் என்று என்னைத் திட்டுகிறார். நான் குசினியில் வாய் மூடி நின்றதை மட்டும் ஒரு தடவைகூடச் சொல்லிக்காட்டவில்லை. சொல்லிக்காட்டினால் எனக்குக் கொஞ்சம் ஆறும். போன கிழமை நான் பொறுக்க முடியாமல், அவங்களுக்கு நீங்க செத்தது செத்ததாவே இருக்கட்டுமாம்மா என்று கேட்டேன்.

"இருந்துட்டுப் போகட்டும்" என்றார்.

என் கணவர் ஒவ்வொரு நாளும் பின்னேரம் அழைப்பார். சுகம் விசாரிப்பார். சொல்லிவிட்டீர்களா என்று கேட்பேன். ஆறுதலாகச் சொல்லுறன் என்பார். வைத்துவிடுவேன். நேற்று நான் குழாயடியில் இருந்ததால் அம்மா எடுத்துவிட்டார். ஓடிவந்தபோது அவர் கைபேசியைக் காதில் அழுத்திக்கொண்டு, நேரத்துக்குச் சாப்பிடுகிறீர்களா தம்பி, மெலிந்து போயிடாதீங்க என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

பக்கத்தில் நின்ற எனக்கு அவருடைய பதில் நன்றாகவே கேட்டது. "ஓம் மாமி. நீங்கள் சுகமா இருக்கிறியளோ?"