தலைவருக்குக் கட்டிய வேலி

மூன்று ஆவணப்படங்களில் எங்கள் ஊர்க் குழியோரம் நின்று பேசியிருக்கிறார் அந்தத் தலைவர். மூன்றுக்கும் படம் பிடித்தபோது நான் பக்கத்தில் நின்றேன். பெயர் எதற்கு? தேர்தல் வந்தால் சுவரெல்லாம் அவர்தான் சிரிப்பார்.

அரியலூர்ப் பக்கம் சுண்ணாம்புக்கல் வெட்டி எடுத்துவிட்டு அப்படியே போட்டுவிட்டுப் போன குழி அது. மழைத்தண்ணீர் ஆழமாகத் தேங்கிக் கிடக்கும். சரிந்து விழுந்த ஆட்டைப் பிடிக்கப் போய் என் அக்கா வீட்டுக்காரர் அதில் மூழ்கிச் செத்தார். அன்றிலிருந்து அக்கா கேட்பது ஒன்றே ஒன்று, கரையோரம் ஒரு வேலி. மனுக் கொடுத்துக் கொடுத்துச் செருப்பு தேய்ந்ததுதான் மிச்சம்.

முதல் படக்காரர்கள் வந்தபோது வேலி வந்துவிடும் என்றே நம்பினாள். ஒரு மணி நேரம் பேசினாள். படத்தைப் பெரம்பலூரில் ஒரு கல்யாண மண்டபத்தில் போட்டார்கள். இருவரும் பஸ் பிடித்துப் போனோம். திரையில் அக்காவின் வாய் அசைகிறது, கேட்பதோ தலைவர் குரல்! எங்கள் கண்ணீரில் ஆரம்பித்துக் கட்சி வரலாறு வரைக்கும் போனார். வேலி என்ற சொல்லே வரவில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

இரண்டாவது படம் இன்னும் மோசம். கேமரா தயாராகும் வரை அக்கா அவரிடம் சொன்னாள், "மேல தூக்குனப்பகூட ஆட்டுக்கயிறு அவரு கையிலேயே இருந்துச்சுங்க." கேமரா ஓடியதும் தலைவர் அதையே சொன்னார், தன் கண்ணால் பார்த்ததாக, துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு. பார்த்தாராம்! சாவு வீட்டுப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்காத மனுஷன். அடுத்து அக்கா பேச வந்தபோது டைரக்டர் தடுத்தான்.

"அதத் தலைவரே சொல்லிட்டாரும்மா. வேற ஏதாச்சும் சொல்லுங்க."

செத்துப்போன புருஷனுக்கு வேறு கதைக்கு எங்கே போவாள் அவள்?

மூன்றாவது படம் போன மாதம். தலைவர் கரையோரம் நடந்துகொண்டே பேச வேண்டுமாம். ஐயோ, அவர் வழுக்கி விழுந்துவிட்டால்? படக்காரர்களில் நான்கு பேர் வேலையில் இறங்கினார்கள். இரும்புக் கம்பிகளை ஊன்றி, இரண்டு வரிசையாகக் கயிறு இழுத்துக் கட்டினார்கள். அரை மணி நேரம்தான். அவர் நடக்கிற கரை நெடுக வேலி நின்றது. அக்கா ஒவ்வொரு கம்பியாகத் தொட்டுப் பார்த்தாள்.

"வந்துடுச்சுடி," என்றாள் என்னிடம்.

தலைவர் பேசி முடித்துக் காரில் ஏறினார். கார் திரும்புவதற்குள் கம்பிகளைப் பிடுங்க ஆரம்பித்துவிட்டார்கள். அக்கா ஓடிப்போய்க் கடைசிக் கம்பியைக் கட்டிப் பிடித்துக்கொண்டாள்.

"இது இங்கயே இருக்கட்டும்ங்க."

"வாடகைச் சாமானும்மா. விடுங்க, நேரமாவுது."

என்னால் பொறுக்க முடியவில்லை. "அவரு உசுருன்னா அரை மணி நேரத்துல வேலி! எங்க வூட்டு ஆளு உசுரு என்னய்யா, ஆட்டுப்புழுக்கையா? இதப் படம் புடிங்கய்யா!" என்று கத்தினேன். கேமராவைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டிக்கொண்டிருந்தார்கள். ஒருவரும் திரும்பவில்லை. அக்காவின் விரல்களைப் பிரித்துக் கம்பியை எடுத்துப் போனார்கள்.

கரை நெடுகக் குழிக்குழியாக இருந்தது, கம்பி நின்ற இடமெல்லாம்.

மறுநாள் காலையில் போய்ப் பார்த்தால், அக்கா அந்த ஓட்டைகளில் கருவேல முள்ளை வெட்டி வெட்டி ஊன்றிக்கொண்டிருந்தாள். நானும் அரிவாளை எடுத்துக்கொண்டு போனேன். பொழுது சாய்வதற்குள் அந்தக் கரை முழுக்க முள் நின்றது. நாலாவது படத்துக்கும் தலைவர் வரட்டும். தைத்தால் அவருக்கே தைக்கட்டும்.