கைதூக்கி வீட்டு ஜெனரல்

தென்காசிக் கடைத்தெரு முனையில் அந்த ஃபிளெக்ஸைப் பார்த்ததும் காரை நிறுத்தச் சொல்லி, அப்பாவைப் பின்சீட்டிலேயே விட்டுவிட்டு இறங்கினேன். சுதந்திர தினத்துக்குக் கொடியேற்ற வரும் என் அப்பாவின் படம், முழு ராணுவ உடுப்பில், ஆள் உயரத்துக்கு. கீழே கொட்டை எழுத்தில்: 'எங்களைக் கைதூக்கி விட்ட ஜெனரலே, வருக!'

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

'கைதூக்கி' என்பது இந்த ஊர் அப்பாவுக்கு வைத்த பட்டப்பெயர். இளம் கேப்டனாகப் போருக்குப் போனவர், எதிரிகளிடம் கையைத் தூக்கிச் சரணடைந்து, ஒரு வருஷம் போர்க்கைதியாக இருந்தார். விடுதலையாகி வந்தவரை ராணுவம் துருவித் துருவி விசாரித்து, குற்றமில்லை என்று எழுதிக் கொடுத்தது. ஊர் எழுதிக் கொடுக்கவில்லை. எங்கள் வீடு கைதூக்கி வீடு ஆனது. கல்யாணப் பேச்சில்கூட, "மாப்ள கைதூக்கியாம்லா" என்று யாரோ இழுத்தார்களாம். "உசுரோட வந்திருக்காருல்லா, அது போதும்" என்று சொல்லித்தான் அம்மா கட்டிக்கொண்டாள்.

பிடிபட்டவனுக்கு இனி உயர்வு ஏது என்றார்கள். அவர் கர்னல் ஆனார், பிரிகேடியர் ஆனார், மேஜர் ஜெனரலும் ஆனார். ஒவ்வொரு முறையும் சொன்னவர்களின் மூக்கு உடைந்தது. எனக்கு அதில் இன்றைக்கும் பரம சந்தோஷம்.

ஆனாலும் ஓய்வு பெற்றதும் அவர் தென்காசிக்கு வராமல் குற்றாலத்தில் வீடு கட்டினார். சொந்தக்காரர் கல்யாணங்களுக்கு எங்களை அனுப்புவார், தான் வரமாட்டார். விடியற்காலையில், சாரலானாலும் விடாமல், இளைஞர்களை ஓடவிட்டு ராணுவத் தேர்வுக்குத் தயார் செய்வார். ஆலங்குளம், புளியங்குடியிலிருந்தெல்லாம் வருவார்கள். தேறிப் போனவர்கள்தான் மன்றாடி இந்தக் கொடியேற்றத்துக்கு அவரைச் சம்மதிக்க வைத்தார்கள். ஊர் மறுபடியும் சிரிக்கும் என்பது ஒன்றுதான் அவருடைய பயம். இப்போது சிரிப்பதற்கு வசதியாக அவருடைய பையன்களே எழுதிக் கட்டியிருக்கிறார்கள்.

ஃபிளெக்ஸுக்குக் கீழே நின்றவனைப் பிடித்துக்கொண்டேன். லீவில் வந்திருந்த சிப்பாய், அப்பாவிடம் பயிற்சி எடுத்தவன்.

"ஏலே, என்னத்தலே எழுதி வச்சிருக்கிய? கழத்துங்க மொதல்ல!"

"ஏன்க்கா? எங்கள கைதூக்கி விட்டது அய்யாதான? உள்ளதத்தான போட்டிருக்கோம்."

திருதிருவென்று விழித்தான். அந்தப் பட்டப்பெயர் அவன் தலைமுறைவரை வந்து சேரவே இல்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

அதற்குள் பின்சீட்டிலிருந்து அப்பா இறங்கி வந்துவிட்டார். கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு நிதானமாகப் படித்தார். இப்படியே திரும்பிப் போய்விடுவார் என்று நினைத்தேன்.

"இருக்கட்டும்லே" என்றார்.

கொடியேற்றி முடித்து மைக்கைப் பிடித்தார். எழுதி வைத்திருந்த பேச்சைப் பைக்குள்ளிருந்து எடுக்கவே இல்லை.

"கைதூக்குனது நாந்தான். தோட்டா தீரப்போற நேரம். ஆறு பேரு ரத்தம் வழியக் கெடந்தானுவ. இன்னும் பத்து நிமிசம் சண்ட போட்டா நான் வீரன், அவனுவ பொணம். தூக்கிட்டேன். ஆறு பேரும் உசுரோட வீடு போய்ச் சேந்தானுவ. இன்னைக்கும் அதே நெலமன்னா, தூக்கத்தான் செய்வேன்."

கூட்டத்தில் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. முன்வரிசையிலிருந்து அப்பாவின் பெரியப்பா மகன் கம்பை ஊன்றி எழுந்தார். பட்டப்பெயரை வைத்ததே அவர்தான்.

"ஆறு பேரு கெடந்தது எங்களுக்குத் தெரியாதுடே தம்பி."

"நீங்க யாரும் கேக்கலியே, அண்ணாச்சி."

அப்பாவின் குரலில் கோபமே இல்லை. எனக்குத்தான் இத்தனை வருஷக் கோபமும் கண்ணீராகக் கொட்டியது. வெட்கப்படாமல் அழுதேன்.

பெரியவர் பக்கத்தில் இருந்தவரிடம் கம்பைக் கொடுத்தார். நிமிர்ந்து நின்று, இரண்டு கைகளையும் தலைக்கு மேலே தூக்கி, என் அப்பாவைக் கும்பிட்டார்.