பாகு தோய்த்த ஆப்பிள்

செங்கம் ரோட்டில் நாங்கள் குடியிருந்த ஓட்டு வீடு இருந்த இடத்தில் இப்போது ஒரு கஃபே நடக்கிறது. அங்கிருந்து ஆப்பிள் எண்ணெயில் பொரியும் வாசம் வந்ததும் உள்ளே போகமுடியாமல் வாசலிலேயே நின்றுவிட்டேன்.

எழுபதுகளில் எங்களுக்கு ஆப்பிள் என்றால் நோயாளியின் பழம். படுத்த படுக்கையாகிவிட்ட அப்பாவைப் பார்க்க வருகிறவர்கள் எல்லோரும் அதைத்தான் வாங்கி வருவார்கள். அம்மா அதைத் துருவிப் பிழிந்து, சர்க்கரைகூடப் போடாமல் ஸ்பூனால் ஊட்டுவாள். ஆசிரமத்துக்காக ஊருக்கு வந்து எங்கள் முன்னறையில் வாடகைக்கு இருந்த வெள்ளைக்காரம்மா அதே ஆப்பிளை வட்டமாக அரிந்து, மைதா மாவில் தோய்த்துப் பொரித்து, பாகில் புரட்டும் நாட்களில், அப்பா மூக்கை உறிஞ்சிக்கொண்டே, "ஒண்ணே ஒண்ணு குடேன்" என்று கெஞ்சுவார். அம்மா தரவே மாட்டாள்.

ஒரு சாயங்காலம் அம்மாவே அதைச் செய்துகொண்டிருந்தாள். பாகு தட்டில் கண்ணாடியாய் இறுகிக்கொண்டிருந்தது.

"யாருக்கும்மா?"

"அப்பாவுக்குத்தான். இனிமே பத்தியம் வேணாமாம். கேக்கறத குடுங்கன்னு டாக்டர் சொல்லிட்டாரு."

டாக்டர்கள் அதை எப்போது சொல்வார்கள் என்று ஏழு வயதில் எனக்குத் தெரியாது. ஒன்றை எடுத்துக்கொண்டு ஓடினேன்.

"அப்பா, உங்களுக்கு சரியாயிடுச்சு! பத்தியமே வேணாமாம், டாக்டர் சொன்னாராம்!"

அப்பா என் கையில் இருந்ததைப் பார்த்தார். பிறகு கதவருகே வந்து நின்ற அம்மாவை வெகுநேரம் பார்த்தார்.

"ஆமாம்மா, சரியாயிடுச்சு" என்று என்னிடம் சொல்லி வாயைத் திறந்தார்.