கேசட்டுக்குச் சந்தனப் பொட்டு

"அம்மா, கேம் லோடே ஆவல," என்று மகள் கேம் மெஷினை நீட்டினாள். கார்டு செருகும் இடத்தில் சந்தனம் காய்ந்திருந்தது, இன்னும் மணத்தது. நேற்று ஆயுத பூஜை.

நான் சிறுமியாக இருந்தபோது, திருப்பாதிரிப்புலியூர் வீட்டில் ஆயுத பூஜையன்று அப்பா கண்ணில் பட்டதற்கெல்லாம் பொட்டு வைப்பார். ஒரு வருஷம் என் கையடக்க வீடியோ கேமின் கேசட்டையும் விடவில்லை. சரியாக, மெஷினுக்குள் போகும் தகட்டின் மேலேயே வைத்துவிட்டார். மறுநாள் திரையில் ஒன்றுமே வரவில்லை. நான் அழுததும், "சாமிக்கு வச்சது, ஒன்னும் ஆவாது," என்றவர், தீக்குச்சியில் பஞ்சு சுற்றிச் சாயங்காலம்வரை துடைத்தார். கேமின் இசை கேட்ட பிறகுதான் நிமிர்ந்தார்.

"அடுத்த வருஷம் ஓரமா வச்சிடுறேம்மா."

அடுத்த வருஷமும் அங்கேயேதான் வைத்தார்.

"யாரும்மா இதுல பொட்டு வச்சது?" என்றாள் மகள்.

நான் தீப்பெட்டியைத் தேடினேன். "அடுத்த வருஷம் ஓரமா வச்சிடுறேம்மா."