நாங்கள் மூடிவிட்ட குழிகள்

அன்று காலை மலைச்சரிவில் ஐந்து பேர் நின்றோம். நான், என் தாய்மாமா, அவர் மனைவியான அத்தை, ராஜபாளையத்திலிருந்து வந்த வருவாய் ஆய்வாளர், அவரைத் தன் பைக்கில் அழைத்து வந்த வனவர். அம்மா வரவில்லை. பேண்டேஜ் கம்பெனியில் அவளுக்குப் பகல் ஷிஃப்ட். இருக்க வேண்டிய இன்னொன்றும் அங்கே இல்லை. குழிகள்.

அந்தக் குழிகளைக் காட்டத்தான் இரண்டு அதிகாரிகளையும் அய்யனார் கோவில் பாதையிலிருந்து ஒன்றரை மணி நேரம் நடக்க வைத்திருந்தேன்.

நாங்கள் பளியர்கள், இந்த மலையின் பழங்குடிகள். எங்கள் குடியிருப்பில் கல்லூரி வரை போனவன் நான் ஒருவன்தான் என்பதால் வன உரிமைக் குழுவுக்கு என்னையே செயலாளராகப் போட்டிருந்தார்கள். தேன், கடுக்காய், கிழங்கு எடுக்கும் இடங்களை எல்லாம் எழுதி, சமூக உரிமை கேட்டு மனு கொடுத்திருந்தோம். மற்ற இடங்களுக்குச் சிக்கலில்லை. தேன் பாறையில் புகைக்கரி இருந்தது, கடுக்காய் மரங்களுக்குத் தடம் இருந்தது. இந்தச் சரிவுக்கு மட்டும் எதுவுமில்லை. நாங்கள் இங்கே கிழங்கு எடுக்கிறோம் என்பதற்கு அடையாளம் தெரியவில்லை என்று ஆய்வாளர் எழுதிவிட்டால் மனுவிலிருந்து இது போய்விடும். மாந்தோப்பில் வேலை குறையும் மாதங்களில் எங்கள் பதினெட்டு வீட்டுக்கும் இதுதான் சோறு.

அதனால் ஒரு யோசனை செய்திருந்தேன். ஞாயிற்றுக்கிழமை அத்தையும் மாமாவும் இங்கே வந்து வள்ளிக்கிழங்கு தோண்ட வேண்டும், தோண்டிய குழிகளை அப்படியே திறந்து விட்டுவிட்டு வர வேண்டும், செவ்வாய்க்கிழமை நான் அதிகாரிகளைக் கூட்டி வந்து காட்டுவேன். மூன்று முறை சொன்னேன். இருவரும் தலையாட்டினார்கள்.

"எங்கப்பா குழி?" என்றார் ஆய்வாளர்.

எங்கும் சருகு. மாமா அத்தையைப் பார்த்தார். அத்தை எதிர் மலையைப் பார்த்தாள்.

"மூடிட்டோம் சார்," என்றார் மாமா.

"யாரு மூடச் சொன்னா?"

"யாரும் சொல்லல சார். கை தானா மூடிருச்சு."

நான் அத்தையிடம் திரும்பினேன். "எம்புட்டு தடவ சொன்னேன் அத்தை, மூடாதீகன்னு."

"சொன்னே. வீட்டுக்கு வந்து அடுப்புப் பத்த வைக்கும்போதுதான் நினைப்பு வந்துச்சு. ஒங்க மாமாட்ட, போயித் திறந்து விட்டுட்டு வாரீகளான்னு கேட்டேன்."

"நட்ட கிழங்குத் தலைய ரெண்டே நாள்ல எவனாச்சும் தோண்டுவானா?" என்றார் மாமா. "காலேஜுல அப்படித்தான் சொல்லிக் குடுத்தாகளா மாப்ளே?"

அவர்களைக் குற்றம் சொல்ல முடியாது. கிழங்கை எடுத்ததும் கொடி முளைக்கிற தலைப்பகுதியைக் கத்தியால் வெட்டி, அதே குழியில் வைத்து, மண் தள்ளி, காலால் மிதித்து, மேலே சருகு பரப்பிவிட்டுத்தான் அடுத்த இடத்துக்கு நகர்வோம். இல்லாவிட்டால் பன்றி கிளறும், மழை அரிக்கும், தலை காய்ந்து போகும். நானே ஐந்து வயதில் அப்படி மிதித்திருக்கிறேன். திறந்து விட்டுவிட்டு வாருங்கள் என்று சொல்லும்போது அது எனக்கு எப்படித் தோன்றாமல் போனது என்று தெரியவில்லை. மனுவை எழுதி எழுதி நானும் மனுவைப் போலவே யோசிக்க ஆரம்பித்திருந்தேன் போல.

வனவர் சிரித்தார். "காட்டுப்பன்னி கூட தோண்டின குழிய விட்டுட்டுப் போகும் சார். இவிய அதக்கூட விடல."

ஆய்வாளர் சிரிக்கவில்லை. "தம்பி, நான் கண்ணால பாத்ததைத்தான் எழுத முடியும். இங்க எதைப் பாத்தேன்னு எழுத?"

என் கையில் படிவம் இருந்தது, அதில் ஆதாரம் என்ற கட்டம் காலியாக இருந்தது.

அத்தைதான் பேசினாள். "பழசு காமிச்சா ஆகாதா ஐயா?"

"பழசுன்னா?"

"மூணு வருசத்துக்கு முன்ன வச்ச தலை. செத்த நேரம் உக்காருங்க."

ஒரு பாறையைச் சுற்றிப் போய், கொடியோ இலையோ எதுவும் இல்லாத ஓரிடத்தில் உட்கார்ந்து பாரையால் குத்தத் தொடங்கினாள். மாமா கையால் மண்ணை அள்ளினார். அரை மணி நேரம் ஆனது. முழங்கை ஆழத்தில் கிழங்கு தெரிந்ததும் பாரையை வைத்துவிட்டு விரலால் சுற்றிலும் துழாவி, முறியாமல் எடுத்தாள். தலைப்பக்கத்தில் மண்ணைத் துடைத்து ஆய்வாளரிடம் நீட்டினாள். பழைய தலை அது. ஒரு பக்கம் தட்டையாக, பலகை அறுத்தாற்போல ஒரு வெட்டு. அது ஆறிக் கறுத்துப் பட்டை கட்டியிருந்தது. அதன் ஓரத்திலிருந்து புதுக்கிழங்கு கீழே இறங்கியிருந்தது.

ஆய்வாளர் கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் பார்த்தார். "இது கத்தி வெட்டா?"

"பன்னிக்குக் கத்தி பிடிக்கத் தெரியாது சார்," என்றார் வனவர்.

"ஒண்ணு தற்செயலா இருக்கலாம். இன்னொண்ணு காட்டுங்க."

அத்தை இன்னும் இரண்டு இடங்களில் தோண்டினாள். இரண்டிலும் அதே தட்டையான, ஆறிய வெட்டு. நான் ஒவ்வொன்றையும் போனில் படமெடுத்தேன். பிறகு ஆய்வாளர் தானாகவே நாலடி தள்ளிப் போய் ஓரிடத்தில் ஷூவால் சருகை விலக்கினார்.

"அதத் தொடாதீக ஐயா," என்றாள் அத்தை. "அது ஞாயித்துக்கிழமை வச்சது."

விலக்கிய இடத்தில் மண் இன்னும் இளகலாக இருந்தது. ஆய்வாளர் குனிந்து விரலால் அழுத்திப் பார்த்தார். பிறகு, விலக்கிய சருகை ஷூவாலேயே திரும்பத் தள்ளி மூடினார்.

பாறையில் உட்கார்ந்து ஒரு பக்கம் நிறைய எழுதினார். "இங்க மொத்தம் எத்தனை தலை இருக்கும்மா?" என்று நடுவில் கேட்டார்.

"எண்ணினதில்லையே. போட்டுக்கிட்டே வாரோம்."

அதையும் அப்படியே எழுதிக்கொண்டார். அவர் எழுதி முடிப்பதற்குள் அத்தையும் மாமாவும் மூன்று தலைகளையும் வெட்டி நட்டு, குழிகளை மூடிவிட்டார்கள். இந்த முறை நானும் மிதித்தேன்.

அடுத்த ஆண்டு உரிமைச் சான்று வந்தது. இரண்டாம் பக்கத்தில் இந்தச் சரிவின் பெயர், எழுத்துப் பிழை இல்லாமல். அம்மாவிடம் படித்துக் காட்டினேன். அவள் இரண்டு முறை படிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, சாப்பிட்டாயா என்றாள்.

அந்தச் செவ்வாய்க்கிழமை வந்தவர்கள் எங்களிடம் பணமோ பொருளோ எதுவும் கேட்கவில்லை. அடிவாரக் கடையில் டீயும் பன்னும் நாங்களாக வாங்கிக் கொடுத்ததுதான். அதோடு, அத்தையும் மாமாவும் மாந்தோப்பில் இழந்த ஒரு நாள் கூலி. சரிவு எங்களுக்குக் கிடைத்ததற்கு ஆன செலவு, எல்லாம் சேர்த்து, ஆயிரத்து நூற்றுப் பதினைந்து ரூபாய்.